பான் கார்டில் ஒருத்தி, ஆதாரில் இன்னொருத்தி

சின்னத்திரையில் அம்மா, மாமியார், பெரியம்மா, ஹாஸ்டல் வார்டன் என்று காலம் தள்ளுகிற என் சக கலைஞர்களுக்கு முதலில் ஒரு வேண்டுகோள். பீரோவைத் திறந்து பான் கார்டையும் ஆதார் கார்டையும் எடுத்து அருகருகே வையுங்கள். பெயர் ஓர் எழுத்து பிசகாமல் ஒன்றாக இருக்கிறதா? பிறந்த தேதி? இருந்தால் நீங்கள் புண்ணியம் செய்தவர், போய்க் காப்பி குடியுங்கள். இல்லையென்றால் உட்கார்ந்து இதைப் படியுங்கள். நான் பட்ட பாட்டில் பாதியாவது உங்களுக்கு மிச்சமாகும்.

நமக்குச் சம்பளம் நாள் கணக்கு என்று உங்களுக்கே தெரியும். நடித்த பணம் கைக்கு வர இரண்டு, மூன்று மாதம் ஆகும் என்பதும் தெரியும். பத்தாயிரம் ரூபாய் என்றால் ஆயிரம் டிடிஎஸ், அதாவது வருமான வரிக்காகக் கம்பெனியே முன்கூட்டிப் பிடிப்பது, போக ஒன்பதாயிரம் வரும். 1961ஆம் வருஷ வருமான வரிச் சட்டம், 194ஜே பிரிவு, பத்து சதவீதம். இத்தனை வருஷத்தில் எனக்கு மனப்பாடமான ஒரே சட்டம் அதுதான். 2023 ஜூலையில் நடித்ததற்கான பணம் அந்த வருஷம் தீபாவளிக்குச் சற்று முன்னால் வந்தது. கணக்குப் பார்த்தால் பத்தாயிரத்துக்கு இரண்டாயிரம் வீதம் போயிருக்கிறது.

கம்பெனி அக்கவுண்டன்டுக்குப் போன் போட்டேன்.

"உங்க பான் இன்ஆப்பரேட்டிவ்னு காட்டுதும்மா. ஜூலைலேர்ந்து இருபது பர்சன்ட்தான் பிடிக்கணும்."

"ஜூலையிலேயே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே தம்பி?"

"சொல்லணும்னு நினைச்சேன்மா. வேலை டைட்டு."

வேலை டைட்டு என்றால் என்ன என்று எனக்கா தெரியாது? ஒரே நாளில் எட்டு சீன் எடுத்து, நான்கு புடவை மாற்றி, அழுத கண்ணோடு சிரிக்கிற சீனுக்குப் போகிறவள் நான். ஒரு போன் பண்ண எனக்கு நேரம் கிடைக்கும்.

விஷயம் இதுதான். பானையும் ஆதாரையும் இணைக்க 2023 ஜூன் 30 கடைசி நாள். அதற்குள் இணைக்காதவர்களின் பான் ஜூலை 1 முதல் செயலற்றது. பான் செயலற்றுப் போனால், பான் இல்லாதவருக்குப் பிடிப்பதுபோல அதே 1961 சட்டத்தின் 206ஏஏ பிரிவில் இருபது சதவீதம் பிடிப்பார்கள். அதோடு, திரும்ப வர வேண்டிய வரிப் பணமும் வராது, அந்தக் காலத்துக்கு வட்டியும் கிடையாது. எண்பது வயது ஆகிவிட்டவர்களுக்கும் வேறு சிலருக்கும் மட்டும் விலக்கு உண்டு. எனக்கு எண்பது ஆக இன்னும் நாள் இருக்கிறது. பான் கார்டைக் கேட்டால் இன்னும் ஐந்து வருஷம் கூடுதலாகவே இருக்கிறது. அந்தக் கதைக்கு இதோ வருகிறேன்.

என் அப்பா வைத்தது குலதெய்வத்தின் பெயர், நீளமானது. மயிலாப்பூர், தியாகராய நகர் சபாக்களில் நாடகம் போட்டுக்கொண்டிருந்த ஒரு குழுவில் சேர்ந்தபோது அங்கே அதே பெயரில் ஏற்கெனவே ஒரு அக்கா இருந்தார். நோட்டீஸ் அடிக்க நேரமாகிவிட்டது என்று குழுத் தலைவர் அங்கேயே மூன்றெழுத்தில் ஒரு பெயர் வைத்தார். அதுவே ஒட்டிக்கொண்டது. தூர்தர்ஷன் செவ்வாய்க்கிழமை நாடகம் போட்ட காலத்திலும் அந்தப் பெயர்தான். 1975 ஆகஸ்ட் 15இல் சென்னையில் தொலைக்காட்சி வந்து சில வருஷங்களில் நான் உள்ளே போனவள். அங்கே ஒத்திகை பார்த்துவிட்டுத்தான் ரெகார்டிங்குக்குப் போவோம். பிறகு பதிமூன்று வாரத் தொடர்கள் வந்தன. 1993 தமிழ்ப் புத்தாண்டு அன்று சன் டிவி வந்தது. 1999 கடைசியில் 'சித்தி' தொடங்கி, இரவு சீரியல் என்பது வீட்டுக்கு வீடு சாப்பாட்டு நேரத்தோடு சேர்ந்த விஷயமானது.

அதற்குப் பிறகுதான் எங்களைப் போன்ற கேரக்டர் ஆர்ட்டிஸ்டுகளுக்கு மாதம் இத்தனை நாள் என்று நிலையான வேலை. 'மெட்டி ஒலி'யில் ஐந்து பெண்களுக்கு அப்பாவாக டெல்லி குமார் சார், 'கோலங்க'ளில் அபியின் அம்மாவாக சத்யப்ரியா என்று ஊருக்கே அப்பா அம்மா ஆன காலம். 'கோலங்கள்' 2003 முதல் 2009 வரை ஓடியது. ஒரே வேஷத்தில் ஆறு வருஷம்! சினிமாவில் அதற்கு வாய்ப்பே இல்லை. நான் அந்த அளவுக்குப் பெரிய வேஷம் பண்ணியதில்லை. ஆனால் எப்போதும் ஏதோ ஒரு வீட்டில் மாமியாராக இருந்தேன்.

மெகா சீரியல் கம்பெனிகள் செக் கொடுக்க ஆரம்பித்தபோது பான் கேட்டார்கள். ஒரு மேனேஜர் யூனிட்டில் இருந்த எல்லாருக்கும் மொத்தமாக விண்ணப்பித்து வாங்கிக் கொடுத்தார். நல்ல மனிதர், இப்போது இல்லை. கார்டில் என் நாடகப் பெயர் இருந்தது. வயதில் ஐந்து குறைகிற மாதிரி பிறந்த வருஷம் தள்ளிப் போட்டிருந்தது. "நடிகைக்கு வயசு குறைச்சுப் போட்டா யாராவது கோவிச்சுக்குவாங்களா?" என்று சிரித்தார். அப்போது ஆதார் என்ற ஒன்றே கிடையாது. ரேஷன் கார்டும் வோட்டர் ஐடியும் அப்பா வைத்த பெயரில், பானும் செக்கும் நாடகப் பெயரில். இரண்டும் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ளாமல் வருஷக்கணக்கில் ஒரே பீரோவில் சண்டை சச்சரவில்லாமல் இருந்தன. பிற்பாடு ஆதார், ரேஷன் கார்டையும் பள்ளிச் சான்றையும் வைத்து எடுத்ததால், அப்பா வைத்த பெயரில் சரியான தேதியோடு வந்தது.

இதையெல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடத்தான் யாருக்கும் தோன்றும். ஆனால் அந்த 2023 செப்டம்பர் 8ஆம் தேதிதான் 'எதிர்நீச்சல்' மாரிமுத்து டப்பிங் பேசப் போன இடத்தில் நெஞ்சு வலி வந்து இறந்துபோனார். அதற்கப்புறம் எந்த யூனிட்டுக்குப் போனாலும் சாப்பாட்டு இடைவேளையில் இதே பேச்சுத்தான். யாருக்கு எவ்வளவு பாக்கி, யாருடைய அக்கவுண்ட்டில் நாமினி இருக்கிறது, யாருடைய பெயர் எதில் எப்படி இருக்கிறது. என் இரண்டு கார்டையும் பார்த்த ஒப்பனைக்காரத் தங்கச்சி, "அம்மா, உங்களுக்கு ஏதாவது ஒண்ணுன்னா இந்தப் பணம் யாருதுன்னே தெரியாது" என்று பட்டென்று சொன்னாள். சரி, இறங்கிவிடலாம் என்று முடிவு செய்தேன்.

முதல் எச்சரிக்கை: ஆயிரம் ரூபாய் கட்டினால் இணைந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். வருமான வரித் தளத்தில் தாமதக் கட்டணம் 1000 ரூபாய் கட்டுவது ஒரு வேலை. அந்தச் சலான் பதிவானதும் மறுபடி உள்ளே போய் இணைக்கக் கோருவது இன்னொரு வேலை. என்கூட நடிக்கிற ஒருவர் பணத்தைக் கட்டிவிட்டு மாதக்கணக்கில் நிம்மதியாக இருந்தார், இருபது சதவீதம் போய்க்கொண்டே இருந்தது. சலான் எடுக்கும்போது 'அதர் ரிசிப்ட்ஸ்', மைனர் ஹெட் 500 என்று வருகிறதா என்று பார்த்துக் கட்டுங்கள். இன்னொன்று: பெயர் பொருந்தவில்லை என்று இணைப்பு தோற்றுப்போனால் திரும்ப ஆயிரம் கட்ட வேண்டியதில்லை, கட்டியது அப்படியே நிற்கும். எங்கள் தெரு பிரவுசிங் சென்டர் பையன் இன்னொரு ஆயிரம் கேட்டான். கொடுக்கவில்லை.

எனக்குப் பெயரும் பொருந்தவில்லை, தேதியும் பொருந்தவில்லை. எதை மாற்றுவது?

"ஆதாரை மாத்திடுங்கம்மா, ஈஸி" என்றான் அதே பையன். கேட்டிருந்தால் தொலைந்தேன். ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்ற முடியும், பிறந்த தேதியை ஒரே முறை. அதோடு ஆதாரில் நாடகப் பெயர் வந்துவிட்டால் வீட்டுப் பத்திரம், ரேஷன் கார்டு, பாஸ்போர்ட், வோட்டர் ஐடி எல்லாவற்றுக்கும் நான் அந்நியமாகிவிடுவேன். நாடகப் பெயர் இருப்பது பானிலும் வங்கிக் கணக்கிலும் மட்டும்தான். அப்போது பானைத்தான் மாற்ற வேண்டும். எங்கள் பக்கத்துத் தெரு ஆடிட்டர் சார் இதைச் சொல்ல ஒரு பைசா வாங்கவில்லை. அவர் மனைவி என் ரசிகை. ரசிகை என்றால், என் வில்லத்தனத்தை எல்லாம் திட்டித் தீர்க்கிற ரசிகை.

அவர் இன்னொரு சிக்கலையும் காட்டினார். தமிழ்நாட்டுக்காரர்கள் எல்லாருக்கும் பொதுவான சிக்கல் இது. ஆதாரில் என் பெயருக்குப் பின்னால் அப்பாவின் இனிஷியல் ஒற்றை எழுத்தாக நிற்கிறது. பான் விண்ணப்பத்தில் முதல் பெயரிலும் கடைசிப் பெயரிலும் ஒற்றை எழுத்து இனிஷியல் போடக் கூடாது, விரித்துத்தான் எழுத வேண்டும். விரித்து எழுதினால் ஆதாரோடு மறுபடி பொருந்தாமல் போக வாய்ப்பு. அதனால் முதலில் ஆதாரில் இனிஷியலை அப்பாவின் முழுப் பெயராக விரித்துக்கொண்டு, அதே எழுத்துக்கோவையில் பானுக்குப் போகச் சொன்னார். நட்சத்திர இரவு ஒன்றுக்காக மலேசியா போக எடுத்த பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் முழுசாக இருந்தது, அதைக் காட்டினேன். ஆதார் மையத்தில் 50 ரூபாய் வாங்கிக்கொண்டு பெயரை மாற்றிவிட்டார்கள்.

அங்கேயே இன்னொன்றையும் முடித்துக்கொண்டேன். ஆதாரில் இருந்த மொபைல் எண் என் மகன் எப்போதோ வைத்திருந்தது. அந்தச் சிம் உயிரோடு இல்லை, மகன் கனடாவில் இருக்கிறான். வருமான வரி ரிட்டர்னைச் சரிபார்ப்பது போன்ற வேலைகளுக்கு ஆதார் ஓடிபி அந்த எண்ணுக்குத்தான் போகும். நேரில் போய்க் கைரேகை வைத்துத்தான் எண்ணை மாற்ற முடியும் என்றார்கள். என் கைரேகை விழவே இல்லை. விரலைத் துடைத்தார்கள், எண்ணெய் தடவினார்கள், மிஷினைத் துடைத்தார்கள். கடைசியில் கருவிழி வைத்து ஏற்றுக்கொண்டது. கிளிசரின் போட்டுப் போட்டுச் சிவந்த கண் அன்றைக்கு உதவியது.

அடுத்து பான் திருத்தம். 107 ரூபாய் கட்டணம், கார்டு வீட்டுக்கு வரும். ஒரு சேவை மையத்துக்குப் போனேன். கவுண்டரில் இருந்த பெண் நிமிர்ந்து பார்த்ததும் முகம் மாறியது.

"நீங்க... மருமகளுக்கு மாத்திரையை மாத்திக் குடுத்தீங்களே, அவங்கதானே?"

நான்தான். போன சீரியலில்.

உள்ளே போய் இன்னும் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வந்தாள். செல்ஃபி எடுத்தார்கள். ஒருத்தி என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஏம்மா அப்படிப் பண்ணீங்க, அந்தப் பொண்ணு வாயும் வயிறுமா இருந்துச்சே" என்று நிஜமாகவே கேட்டாள். டைரக்டர் சொன்னார், பண்ணினேன் என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். நல்ல சகுனம் என்று நினைத்துக்கொண்டு காகிதங்களைக் கொடுத்தேன். பான் கார்டைப் பார்த்தாள், பாஸ்போர்ட்டைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

"இது வேற ஆளாச்சேம்மா."

"இரண்டும் நான்தான்மா. இப்பத்தானே கூட நின்னு போட்டோ எடுத்தே?"

"எனக்குத் தெரியும். சிஸ்டத்துக்குத் தெரியணுமே. பேரே மொத்தமா மாறுது. கெஜட் வேணும்."

ஒரு பெயரிலிருந்து இன்னொரு பெயருக்கு முழுசாக மாறுகிறபோது, இரண்டும் ஒருவரே என்று காட்ட ஓர் ஆவணம் வேண்டும் என்பது நியாயம்தான். கல்யாணத்தால் பெயர் மாறிய பெண்கள் திருமணச் சான்றோ, அது இல்லாவிட்டால் கல்யாணப் பத்திரிகையோ வைக்கலாம். என் பெயர் மாறியது நாடக நோட்டீஸால். நோட்டீஸை எல்லாம் எந்த அலுவலகத்திலும் ஏற்க மாட்டார்கள். என்னென்ன ஆவணம் வேண்டும் என்று முன்கூட்டியே கேட்டு ஒரு துண்டுச் சீட்டில் எழுதி வாங்கிக்கொண்டு போனால் ஒரு வெயில் மிச்சம் என்று நினைக்காதீர்கள். எனக்கும் முன்பே அப்படி ஒரு சீட்டு எழுதித் தந்திருந்தார்கள், அதில் கெஜட் என்ற வார்த்தையே இல்லை. எதையும் சீட்டை நம்பிச் செய்யாமல், தளத்தில் இருக்கும் ஆவணப் பட்டியலை அச்செடுத்துக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

கெஜட் என்கிற அரசிதழில் பெயர் மாற்றம் வெளியிட விண்ணப்பம் நிரப்புவது பெரிய வித்தை இல்லை. பழைய பெயர், புதிய பெயர், பிறந்த தேதி, பிறந்த மாவட்டம், முகவரி, பெயர் மாற்றத்துக்கான காரணம், ஆவணங்களின் நகல். எனக்குச் சிக்கிக்கொண்டது, என்னைத் தெரியும் என்று ஓர் அரசு அதிகாரி போட வேண்டிய பச்சை மைக் கையெழுத்துத்தான்.

எங்கள் அபார்ட்மெண்டில் மேல்மாடியில் ஒரு அரசு அதிகாரி இருக்கிறார். அவர் வீட்டில் எல்லாரும் என் சீரியல் பார்ப்பார்கள், லிஃப்ட்டில் பார்த்தால் அடுத்த வாரக் கதை கேட்பார்கள். காகிதத்தோடு போனேன். மரியாதையாக உட்காரவைத்துக் காப்பி கொடுத்தார். எல்லாவற்றையும் படித்துவிட்டுச் சொன்னார்: "அம்மா, தப்பா நினைக்காதீங்க. இந்த ரெண்டாவது பேர்ல உங்களை எனக்குத் தெரியும். முதல் பேர்ல உங்களை எனக்குத் தெரியாது. தெரியும்னு நான் எப்படிக் கையெழுத்துப் போடறது?"

வந்த கோபத்தில் எழுந்து வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து யோசித்தால், இந்த முழு விவகாரத்திலும் சொன்னதை யோசித்துச் சொன்ன முதல் ஆள் அவர்தான். முகம் தெரிந்தது என்பதற்காகக் கையெழுத்துப் போடுகிறவர்தான் நாளைக்கு யாருக்கோ போட்டுக் கொடுப்பார். அப்புறம் நினைவுக்கு வந்தது அரசு மருத்துவமனையில் என் சர்க்கரைக்கு வருஷக்கணக்கில் மருந்து எழுதுகிற டாக்டரம்மா. அவருடைய நோயாளிச் சீட்டில் அப்பா வைத்த பெயர், வாயில் கூப்பிடுவது நாடகப் பெயர். இரண்டு பேரையும் தெரிந்த ஒரே அரசு அதிகாரி. ஒரு நிமிஷத்தில் போட்டுக் கொடுத்தார், சர்க்கரை ஏறியிருக்கிறது என்று திட்டும் விழுந்தது. உங்களுக்கும் அப்படி ஒருவர் இருப்பார், சீரியல் பார்க்கிறவர்களில் தேடாமல் மற்ற இடங்களில் தேடுங்கள்.

அரசிதழ் வேலை சுமுகமாக முடிந்தது. அதில் சொல்ல ஒன்றே ஒன்றுதான். ஆங்கில எழுத்துக்கோவையை ஆதாரோடு வைத்து எழுத்தெழுத்தாகச் சரிபாருங்கள். நம் பெயர்களில் ஒரு 'எச்' கூடுவதும் ஓர் 'ஏ' குறைவதும் சர்வ சாதாரணம். அச்சான பின் அது பிழை என்றால் மறுபடி முதலிலிருந்து.

இதழ் கைக்கு வந்ததும் அதே சேவை மையத்துக்குப் போனேன். வேறொரு பையன் இருந்தான். அவன் சீரியல் பார்க்கிற சாதி இல்லை. காகிதங்களை வாங்கினான், ரசீது கொடுத்தான், "நெக்ஸ்ட்" என்றான். எனக்கு அவனைக் கும்பிட வேண்டும் போல் இருந்தது.

புதுக் கார்டு வந்தது. எண் மாறாது, பழைய எண்ணேதான். பான் எண்ணில் ஐந்தாவது எழுத்து நம் கடைசிப் பெயரின் முதல் எழுத்து. என் நாடகப் பெயர் ஒற்றைப் பெயராக இருந்ததால் அதன் முதல் எழுத்துத்தான் அந்த இடத்தில் விழுந்திருக்கிறது. பெயர் மாறினாலும் அந்த எழுத்து அங்கேயேதான் இருக்கும். அது பிழை என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம், எனக்குச் சொன்னார்கள்.

இணைப்பு இந்த முறை ஒரே தட்டில் ஏறியது. உடனே பான் உயிர் பெறாது, முப்பது நாள் வரை ஆகலாம். அதுவரை வரும் பணத்துக்கும் இருபதுதான் பிடிப்பார்கள். அந்த இடைவெளியில் அவசரப்பட்டுப் பழைய பாக்கியைக் கேட்டு வாங்காதீர்கள். ஒரு மாதம் போகட்டும் என்று நானே ஒரு கம்பெனியிடம் சொன்னேன். தங்கள் பக்கத்திலிருந்து தாமதிக்கச் சொன்ன முதல் ஆர்ட்டிஸ்ட் நான்தான் போலிருக்கிறது, மேனேஜர் இரண்டு தடவை கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டார்.

இனி ரிட்டர்ன் போட்டால் பிடித்ததெல்லாம் வந்துவிடும் என்று நினைத்தேன். ஆடிட்டர் சார் 26ஏஎஸ் எடுத்துப் பார்த்தார். நம் பெயரில் யார் எவ்வளவு வரி கட்டியிருக்கிறார்கள் என்று காட்டும் பட்டியல் அது. அதில் இருந்தால்தான் நமக்குப் பணம். இரண்டு கம்பெனியின் கணக்கு உதைத்தது. ஒன்றில் ஒரு காலாண்டு முழுக்கக் காணோம். இன்னொன்றில் ஒன்றுமே இல்லை.

இங்கேதான் என் நோட்டுப் புத்தகம் வந்தது. நாடகக் காலத்திலிருந்து எனக்கு ஒரு பழக்கம். ஷூட்டிங் முடிந்து வந்ததும் படுக்கும் முன் ஒரு வரி எழுதிவிடுவேன். நாற்பது பக்க நோட்டு, வருஷத்துக்கு ஒன்று. சீரியலில் புடவை நாம்தான் கொண்டுபோக வேண்டும், கண்டினியூட்டிக்காக, அதாவது தொடரும் சீனிலும் அதே புடவை இருக்க, நிறம் எழுதி வைத்தேன், அதோடு மற்றதும் ஒட்டிக்கொண்டது. ஒரு வரி இப்படி இருக்கும்: "வளசரவாக்கம் வீடு. 9 டு 9. ஆஸ்பத்திரி சீன், கோவில் சீன். மாம்பழக் கலர் சுங்குடி, சிவப்புக் கரை. பேட்டா வந்தது. பேமெண்ட் பாக்கி." பணம் வந்ததும் 'பாக்கி'யை அடித்துவிட்டுத் தேதி, தொகை, டிடிஎஸ் எவ்வளவு என்று பக்கத்தில் எழுதுவேன். ஆடிட்டர் சார் அந்த நோட்டைப் புரட்டிவிட்டு, "பெரிய பெரிய கம்பெனிக்கு எல்லாம் இந்த மாதிரி புக்ஸ் இல்லைம்மா" என்றார். என் நடிப்புக்கு எந்த விருதும் வந்ததில்லை, அதனால் இதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குக் கூச்சமில்லை.

நோட்டையும் வவுச்சரையும் எடுத்துக்கொண்டு காலாண்டு காணாமல் போன கம்பெனிக்குப் போனேன். அக்கவுண்ட்ஸில் புது ஆள்.

"எங்க சைடு கட்டியாச்சு மேடம். உங்க சைடுதான் ப்ராப்ளம்."

"என் பான் எண்ணை உங்க ரிட்டர்ன்ல எப்படி அடிச்சிருக்கீங்கன்னு மட்டும் பாருங்க."

"நான் சேர்ந்ததே போன மாசம்தான் மேடம்."

"பரவாயில்லை, பாருங்க."

பார்க்கவில்லை. சாப்பாட்டுக்குப் போய்விட்டு வந்தார். அந்தத் தேதிகளில் நான் அந்த சீரியலில் நடித்தேன் என்பதற்கே ஆதாரம் கேட்டார். எபிசோடைப் போட்டுப் பாருங்கள் என்று சொல்லலாம், ஆனால் எடுத்த தேதி ஒளிபரப்பில் தெரியாது. நோட்டைத் திறந்து வைத்தேன். கண்டினியூட்டிக்கு உதவி இயக்குநர் பெண் எடுத்து எனக்கு அனுப்பிய படங்கள் போனில் தேதியோடு இருந்தன. அதே மாம்பழச் சுங்குடி. நோட்டில் ஒரு வரி, போனில் ஒரு படம், வவுச்சரில் ஒரு தேதி என்று ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே வந்தேன். பாதியில் அவருக்கே ஆர்வம் வந்து கம்ப்யூட்டரைத் திறந்தார். என் எண்ணில் நடுவில் வரும் நான்கு இலக்கத்தில் இரண்டு இடம் மாறியிருந்தது. அந்தக் காலாண்டு முழுக்க என் வரி வேறு ஏதோ எண்ணுக்குப் போயிருக்கிறது.

இதற்கு அவர்கள் திருத்த அறிக்கை போட வேண்டும். நாம் ஒன்றும் செய்ய முடியாது, கேட்டுக்கொண்டே இருக்கத்தான் முடியும். வாரத்துக்கு ஒருமுறை அன்பாகப் போன் போட்டேன். மாமியார் குரலில் ஒரு தடவை பேசினேன், அதற்கப்புறம் போட்டுவிட்டார்கள். இந்த இடத்தில் ஒரு யோசனை: வாயால் சொல்லாமல் வாட்ஸ்அப்பிலோ மெயிலிலோ எழுதுங்கள். தவறான எண், சரியான எண், காலாண்டு, தொகை, நான்கும் ஒரே செய்தியில் இருக்கட்டும். ஆள் மாறினாலும் அடுத்தவர் படித்துக்கொள்வார்.

இன்னொரு கம்பெனி கதை வேறு. அந்தத் தொடர் பாதியில் நின்றது, ஆபீஸும் காலி. போர்டைக்கூடக் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். என்னிடம் பிடித்ததற்கு வவுச்சர் இருக்கிறது, கட்டியதற்கு எந்தத் தடயமும் இல்லை. பிடித்த வரியைப் பிடித்தவர் கட்டாமல் விட்டால், அந்த அளவுக்கு நம்மிடம் வரி கேட்கக் கூடாது என்று 1961 வருமான வரிச் சட்டத்தின் 205ஆம் பிரிவு சொல்கிறதாம். ஆடிட்டர் சார் அதைச் சொன்னபோது ஆறுதலாக இருந்தது. "அப்போ அந்தப் பணம் எனக்கு ரீஃபண்டா வருமா சார்?" என்று கேட்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார்.

ரிட்டர்ன் 2024 ஜூலை 31க்குள் போட்டாயிற்று. அதே 1961 சட்டத்தில் 44ஏடிஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. அதில் வரும் தொழில்காரர்கள் மொத்த வரவில் பாதியை வருமானமாகக் காட்டினால் போதும், புடவைக்கு, ஆட்டோவுக்கு என்று பில் சேர்க்க வேண்டாம். உங்கள் வரவுக்கு அது பொருந்துமா என்று உங்கள் ஆடிட்டரைக் கேட்டுக்கொண்டு செய்யுங்கள். போட்டுவிட்டு முப்பது நாளுக்குள் ஆதார் ஓடிபி வைத்துச் சரிபார்க்க வேண்டும். சரிபார்க்காத ரிட்டர்ன் போடாத ரிட்டர்னுக்குச் சமம்.

எல்லாம் முடிந்தது என்று உட்கார்ந்தபோது கடைசி உதை வங்கியிலிருந்து வந்தது. ரீஃபண்ட் வர வேண்டிய கணக்கைத் தளத்தில் முன்கூட்டியே சரிபார்க்க வேண்டும். அது தோற்றது. என் கணக்கில் பழைய பான் விவரம்தான் இருக்கிறது. கிளைக்குப் போய்ப் புதுக் கார்டு, அரசிதழ் நகல் கொடுத்தேன். வாங்கி வைத்துக்கொண்டு அடுத்த வாரம் வரச் சொன்னார்கள். அடுத்த வாரம் போனால் நகலைக் காணோம் என்றார்கள். நான் கொடுக்கும்போதே இரண்டாவது நகலில் சீல் போட்டு வாங்கியிருந்தேன். அதை எடுத்து மேசையில் வைத்தேன். காணாமல் போனது பத்து நிமிஷத்தில் கிடைத்தது. எந்த ஆபீஸில் எதைக் கொடுத்தாலும் இரண்டாவது நகலில் சீல் வாங்குங்கள். கேட்டால் முறைப்பார்கள், முறைக்கட்டும்.

பணம் வந்தது. கூடவே சின்னதாக வட்டியும். இருபதாகப் பிடித்தது மட்டுமல்ல, வழக்கமான பத்தும் சேர்ந்து வந்தது, ஏனென்றால் என் வருமானத்துக்கு வரியே இல்லை. அப்படியென்றால் இத்தனை வருஷமும் பத்துப் பத்தாகப் போனதில் எவ்வளவு திரும்பி வந்திருக்கும் என்று ஆடிட்டர் சாரிடம் கேட்கலாமா என்று யோசித்தேன். அவர் மறுபடி கண்ணாடியைக் கழற்றுவார் என்று விட்டுவிட்டேன்.

மூடிப்போன கம்பெனியின் பணம் இன்னும் வரவில்லை. வவுச்சர்களைத் தனி உறையில் போட்டு வைத்திருக்கிறேன். இப்போது ஒரு புது சீரியலில் பாட்டி வேஷம், மாதம் எட்டு நாள். ஒப்பந்தம் பேசும்போதே மேனேஜரிடம் சொல்லிவிட்டேன்: ஜூலை முதல் செப்டம்பர் வரை பிடித்ததற்கு அக்டோபர் 31க்குள் நீங்கள் அறிக்கை போட வேண்டும், நவம்பர் 15க்குள் பிடித்த வரிக்குச் சான்றான 16ஏ படிவம் எனக்கு வேண்டும், டைட்டிலில் நாடகப் பெயர், செக்கில் பான் கார்டில் இருக்கும் பெயர்.

"ஹீரோயின்கூட இதெல்லாம் கேக்கறதில்லையேம்மா" என்றார்.

ஹீரோயினுக்கு ஆடிட்டர் இருக்கிறார், கேட்க வேண்டியதை அவர் கேட்டுக்கொள்வார் என்றேன். எழுதிக்கொண்டார். பான் எண்ணைத் திரும்பப் படித்துக் காட்டச் சொன்னேன், அதையும் செய்தார்.